குறைவாக நீக்கிய பதிப்பே நல்ல பதிப்பு: 'டிராகன் பால் இசட்' வட்டுகளை முன்வைத்து

'டிராகன் பால் இசட்' அனிமே தொடர் முழுவதும் ஏழு டிவிடி பெட்டிகளாக, 'டிராகன் பாக்ஸ்' என்ற பெயரில் 2009 முதல் 2011 வரை அமெரிக்காவில் வெளிவந்தது. அந்தப் பெட்டிகள் இப்போது தயாரிப்பில் இல்லை. கைமாற்றுச் சந்தையில் எப்போதாவது வரும்போது, அதே தொடருக்குப் பின்னாளில் வந்த ப்ளூ-ரே பெட்டிகளைவிட அவற்றுக்குக் கூடுதல் விலை கேட்கிறார்கள். வாங்குபவர்களும் கொடுக்கிறார்கள். டிவிடியின் ஒரு சட்டகத்தில் ஏறத்தாழ 3.45 லட்சம் புள்ளிகள் உண்டு, ப்ளூ-ரேயில் 20.7 லட்சம். ஆறு மடங்கு நுணுக்கம் காட்டக்கூடிய வட்டு மலிவாகக் கிடைக்கையில் பழைய வட்டை ஏன் தேடுகிறார்கள்? பழைய பொருள்மீதுள்ள ஆசை என்று இதைத் தள்ளிவிட முடியாது. ஒரே காட்சியை இரண்டு வட்டுகளிலும் நிறுத்திப் பார்த்தால் காரணம் தெரிந்துவிடும். டிவிடியில் இருக்கிற பல, ப்ளூ-ரேயில் இல்லை.

பழைய தொடர் ஒன்றின் ரீமாஸ்டர் பதிப்பை வாங்கப்போகிறவர் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, அதிலிருந்து எதையெல்லாம் எடுத்துவிட்டார்கள் என்பதே. மிச்சம் வைத்திருப்பதை வீட்டில் நமக்கு வேண்டிய அளவு குறைத்துக்கொள்ளலாம். எடுத்துவிட்டதை எந்தத் தொலைக்காட்சியும் திருப்பித் தராது. இந்த ஒரு விதியைக் கையில் வைத்துக்கொண்டால் விளம்பர வாசகங்களுக்கு நடுவே வழி கண்டுபிடித்துவிடலாம் என்பது என் துணிபு. இதைச் சோதித்துப் பார்க்க 'டிராகன் பால் இசட்'டைவிடப் பொருத்தமான தொடர் இல்லை. இவ்வளவு முறை, இவ்வளவு வேறுபட்ட வகையில் வட்டாக வந்த அனிமே தொடர்கள் மிகக் குறைவு.

அகிரா தொரியாமாவின் மங்கா 1984 முதல் 1995 வரை 'ஷோனென் ஜம்ப்' வார இதழில் வந்தது. அதன் பிற்பகுதியை டோயி அனிமேஷன் நிறுவனம் தொடராக்கியது. 1989 ஏப்ரலில் ஃபுஜி தொலைக்காட்சியில் தொடங்கி 1996 ஜனவரியில் முடிந்தது. மொத்தம் 291 அத்தியாயங்கள். கணினியில் வண்ணம் தீட்டும் முறை டோயியில் நுழைவதற்கு முந்தைய காலம் அது. ஓவியர் பென்சிலால் காகிதத்தில் வரைவார். அந்தக் கோடு கரித்தாள் வழியாக ஒளிபுகும் செல் தாளுக்கு மாற்றப்படும். பென்சிலின் சொரசொரப்பும் கூடவே வரும். தாளின் பின்புறம் வண்ணம் பூசுவார்கள். போஸ்டர் வண்ணத்தில் தீட்டிய பின்னணி ஓவியத்தின்மேல் அந்தத் தாளைக் கிடத்தி, மேலிருந்து ஒவ்வொரு சட்டகமாகப் படமெடுப்பார்கள். வினாடிக்கு 24 சட்டகம். 16 மில்லிமீட்டர் பிலிம்.

ஆகவே நாம் 'டிராகன் பால் இசட்' என்று அழைப்பது காகிதம், வண்ணம், தூரிகை, கை ஆகியவற்றின் புகைப்படம். புகைப்படம் என்பதால் அதில் கிரெய்ன் உண்டு. பிலிமின் மேற்பூச்சில் இருக்கும் நுண்துகள்கள் ஒவ்வொரு சட்டகத்திலும் வேறு வேறு இடத்தில் விழுவதால், ஓடும்போது படத்தின்மேல் ஒரு மெல்லிய அசைவு தெரியும். 16 மி.மீ. சட்டகத்தின் பரப்பு 35 மி.மீ. சட்டகத்தில் ஏறக்குறைய கால் பங்குதான். அதைப் பெரிய திரைக்கு விரிக்கும்போது துகளும் சேர்ந்து விரிகிறது. பளபளப்பான கணினிப் படங்களுக்குப் பழகிய கண் அதை அழுக்கு என்று எண்ணுவது இயல்பு. ஆனால் படம் பதிந்திருப்பதே அந்தத் துகள்களில்தான். துகளுக்கு அடியில் சுத்தமான இன்னொரு படம் இல்லை.

இந்தத் தவறான எண்ணம்தான் 2007இல் ஒரு பெரிய திட்டமாக உருவெடுத்தது. டெக்சாஸில் இருந்த ஃபனிமேஷன் நிறுவனம், தொடர் முழுவதையும் ஒன்பது பெட்டிகளில் ரீமாஸ்டர் செய்து 2007 முதல் 2009 வரை வெளியிட்டது. அவற்றின் நிறத்தையும் கனத்தையும் வைத்து ரசிகர்கள் 'ஆரஞ்சு செங்கல்' என்று பெயர் வைத்தார்கள். விலை குறைவு, எங்கும் கிடைத்தது, 291 அத்தியாயமும் வெட்டில்லாமல் இருந்தது. அமெரிக்கத் தொலைக்காட்சியில் 1996இல் முதல் 67 அத்தியாயங்களை வெட்டிச் சுருக்கி 53 ஆக்கி ஒளிபரப்பியதைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இது பெரிய விஷயம். அதை மறுக்க மாட்டேன். முழுத் தொடரையும் முதன்முறையாக வீட்டுக்குக் கொண்டுவந்தது அந்தச் செங்கல்தான் என்று நன்றியோடு சொல்பவர்கள் ஏராளம். ஆனால் பிலிமுக்கு அதில் மூன்று காரியங்கள் நடந்தன: சட்டகத்தை வெட்டினார்கள், துகளைத் துடைத்தார்கள், வண்ணத்தை ஏற்றினார்கள்.

சட்டகத்தை முதலில் எடுத்துக்கொள்வோம். தொடர் வரையப்பட்டது 4:3 விகிதத்தில். 2007இல் கடைகளில் அகலத்திரைத் தொலைக்காட்சிகள் குவிந்துகொண்டிருந்தன. புதிதாக வாங்கிய திரையின் இரு பக்கமும் கறுப்புப் பட்டை தெரிந்தால் வாங்கியவருக்கு மனம் ஒப்பவில்லை. ஆகவே படத்தை 16:9 ஆக்கினார்கள். கணக்கு எளியது: அகலத்தை அப்படியே வைத்து 4:3 படத்தை 16:9 ஆக்கினால் உயரத்தில் கால் பங்கு போய்விடும். ஓரங்களில் முன்பு தெரியாத கொஞ்சம் படத்தைப் பிலிமிலிருந்து மீட்டோம் என்று நிறுவனம் சொன்னது. அது உண்மைதான். ஆனால் இழந்ததற்கு முன் அது சிறிது.

இந்தத் தொடரில் உயரம் என்பது வெறும் இடம் இல்லை. பாத்திரங்கள் பறக்கிறார்கள், வானத்தில் மேலும் கீழுமாக மோதுகிறார்கள், மலையுச்சியிலிருந்து தரைக்கு எறியப்படுகிறார்கள். டைசுகே நிஷியோவின் இயக்கத்தில் ஒருவன் சின்னதாக மேலே நிற்க, அவனுக்குக் கீழே நிலம் வெறுமையாக விரிவதுபோல் எத்தனையோ காட்சிகள் அமைந்திருக்கின்றன. சக்தி கூடியதற்கு அடையாளமே முடி மேல்நோக்கி எழுந்து நிற்பதுதான். நமெக் கோளில் கதாநாயகன் கோகு முதன்முறை 'சூப்பர் சையன்' என்ற பேராற்றல் வடிவத்துக்கு மாறும் 95ஆவது அத்தியாயம் 1991இல் ஒளிபரப்பானது. அந்த உருமாற்றத்தின் அண்மைக் காட்சிகளை 16:9 பதிப்பில் பாருங்கள். எந்த முடிக்காகக் காட்சி அமைக்கப்பட்டதோ அது திரையின் மேல்விளிம்புக்கு வெளியே இருக்கிறது. வெட்டும் சட்டத்தை எவ்வளவு அக்கறையோடு மேலும் கீழும் நகர்த்தினாலும், தலையைக் காப்பாற்றினால் தாடை போகும், தாடையைக் காப்பாற்றினால் தலை போகும். இந்த ஒரு குறையே ஒரு பதிப்பை நிராகரிக்கப் போதும் என்று நினைக்கிறேன். மற்றக் குறைகளுக்கு ஈடு சொல்ல முடியும். இதற்கு முடியாது.

அடுத்தது துகள் துடைப்பு. டிஎன்ஆர் என்று தொழிலில் சொல்வார்கள். மென்பொருள் அடுத்தடுத்த சட்டகங்களை ஒப்பிட்டு, மாறாமல் இருப்பது படம், மாறிக்கொண்டே இருப்பது துகள் என்று முடிவுகட்டி, மாறுவதைச் சராசரியாக்கி மழுக்கிவிடுகிறது. மனிதர்கள் நடிக்கும் திரைப்படத்திலேயே இது தோலை மெழுகாக்கிவிடும். செல் அனிமேஷனில் சேதம் இன்னும் கூர்மையானது. ஒரு சட்டகத்தில் மட்டும் வந்து போகும் மெல்லிய கோடு, வேகத்தைக் காட்ட இழுத்த கீற்று, ஓர் அடி விழும் கணத்தில் நெளியும் முகத்தின் ஒரு வரி, இவை எல்லாம் மென்பொருளின் கண்ணுக்குத் துகள்தான். அழித்துவிடுகிறது. பின்னணி ஓவியத்தில் தூரிகை விட்டுச்சென்ற தடம் அழிந்து பாறையும் மேகமும் பிளாஸ்டிக் தகடுபோல் ஆகின்றன. பிறகு, மழுங்கியதைச் சரிக்கட்டக் கூர்மையை ஏற்றுகிறார்கள். அப்போது கோட்டைச் சுற்றி வெள்ளையாக ஒரு விளிம்பு முளைக்கிறது. நம் ஊரில் கோயில் திருப்பணி என்ற பெயரில் மணல் வீசிக் கல்லை வெளுப்பாக்கப்போய், கல்வெட்டின் எழுத்தும் சிற்பத்தின் நகையும் தேய்ந்துபோனதைப் பார்த்தவர்களுக்கு இந்த இழப்பை விளக்க வேண்டியதில்லை.

கோடு ஏன் இவ்வளவு முக்கியம் என்று கேட்கலாம். இந்தத் தொடரை வரைந்தது ஒரு கை இல்லை. வாராவாரம் ஓர் அத்தியாயம் முடித்தாக வேண்டிய நெருக்கடியில், சில ஓவியக் குழுக்கள் முறைவைத்து வேலை செய்தன. மினோரு மயேதா வடிவமைத்த பாத்திரங்களைப் பிற்பகுதியில் கத்சுயோஷி நாகத்சுரு கூரான கோணங்களோடு மாற்றியமைத்தார். ததாயோஷி யமாமுரோ திருத்திய அத்தியாயத்தில் தசையும் நிழலும் வேறு மாதிரி இருக்கும். நாவோதோஷி ஷீதா அசைவூட்டிய சண்டையில் உடல் ரப்பர்போல் வளைந்து வேகம் வேறொரு கணக்கில் ஓடும். பழகிய பார்வையாளர் பெயர்ப்பட்டியல் வருவதற்கு முன்பே யார் கை என்று சொல்லிவிடுவார். அந்த அடையாளம் முழுவதும் கோட்டின் தடிப்பிலும் நடுக்கத்திலும் முனையிலும் இருக்கிறது. டிஎன்ஆர் எல்லாக் கோட்டையும் ஒரே தடிப்புக்குக் கொண்டுவந்து, பலர் வரைந்த தொடரை யாரும் வரையாத தொடராக மாற்றிவிடுகிறது. அவர்களுடைய உழைப்புக்கு நேர்ந்த அநியாயம் இது. இதைச் சொல்லும்போது நடுநிலையாக இருக்க என்னால் முடியவில்லை.

ஜப்பானில் இதே தொடர் 2003இல் போனி கேன்யன் நிறுவனத்தின் வெளியீடாக, முன்பதிவு செய்தவர்களுக்கென இரண்டு பெரிய டிவிடி பெட்டிகளில் வந்திருந்தது. 'டிராகன் பாக்ஸ்' என்ற பெயர் அங்கிருந்து வந்ததுதான். டோயியிடம் இருந்த பிலிமிலிருந்து 4:3 விகிதம் கெடாமல், தூசும் கீறலும் மட்டும் களைந்து, துகளை அப்படியே விட்டிருந்தார்கள். ஒவ்வொரு அத்தியாயத்தின் முடிவிலும் வரும் அடுத்த வார முன்னோட்டம்கூட இருந்தது. அந்த மாஸ்டரைத்தான் ஃபனிமேஷன் ஏழு பெட்டிகளாக்கி அமெரிக்காவில் விற்றது. டிவிடி அளவுதான், அதற்குமேல் நுணுக்கம் இல்லை. ஆனால் ஓவியர் வரைந்த சட்டகம் முழுமையாக இருக்கிறது, கோடு கோடாக இருக்கிறது.

துகளை விட்டுவைப்பதற்குச் செலவு உண்டு என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். வட்டில் படத்தைச் சுருக்கிப் பதியும் முறை, அசையாத பகுதிகளைத் திரும்பத் திரும்ப எழுதாமல் இடம் மிச்சம் பிடிக்கிறது. துகள் உள்ள படத்தில் அசையாத பகுதி என்று எதுவும் இல்லை. ஆகவே அதற்கு இடம் அதிகம் வேண்டும், வட்டுகள் அதிகம் வேண்டும், விலை ஏறும். துடைத்த படம் குறைந்த இடத்தில் அடங்கிவிடும். ரசனைக் குறைவு மட்டுமே காரணம் என்று நிறுவனங்களைக் குற்றஞ்சாட்டுவது பாதி உண்மைதான். கணக்கும் ஒரு காரணம்.

அந்தக் கணக்கின் கொடுமையை 2011இல் தொடங்கிய 'லெவல்' வட்டுகளில் காணலாம். ஃபனிமேஷனே, தன் முந்தைய வேலையின் மீது வந்த குறைகளைக் கேட்டு, பிலிமை மறுபடி ஸ்கேன் செய்து, 4:3 விகிதத்தில், சட்டகம் சட்டகமாகக் கையால் சீர்செய்து ப்ளூ-ரேயாக வெளியிட முனைந்தது. வந்த இரண்டு பெட்டிகளும் அற்புதமானவை. தொலைவில் நிற்கும் உருவத்தின் கண்ணிமைக் கோடுகூடத் தெளிவாக நிற்கிறது; வானத்தில் வண்ணம் படிப்படியாக மாறுவது தெரிகிறது. முதல் 34 அத்தியாயங்கள் வந்தன. 2012இல் நிறுத்திவிட்டார்கள். இந்த முறையில் தொடர்வதற்கு ஆகும் செலவும் உழைப்பும் தாங்காது என்பதே சொல்லப்பட்ட காரணம். நாமே போட்டுப் பார்க்கலாம்: அத்தியாயத்துக்கு 22 நிமிடம் என்று வைத்தால் ஓர் அத்தியாயத்தில் 31,680 சட்டகங்கள், 291 அத்தியாயங்களில் ஏறத்தாழ 92 லட்சம். ஒரு திரைப்படத்தைச் சீர்செய்வதற்கும் ஏழாண்டு ஓடிய வாரத் தொடரைச் சீர்செய்வதற்கும் உள்ள தூரம் அந்த எண்ணில் இருக்கிறது.

அதன் பிறகு நடந்தது பின்னடைவு. 2013 இறுதியில் தொடங்கி 2014இல் ஒன்பது ப்ளூ-ரே பெட்டிகள் வந்தன. பிலிம் ஸ்கேன் உயர்ந்த தரத்தில் இருந்தும், மறுபடி 16:9, மறுபடி துடைப்பு. கட்டுரையின் தொடக்கத்தில் சொன்ன மலிவான ப்ளூ-ரே இதுதான். 2019இல், தொடரின் 30ஆம் ஆண்டையொட்டி, முன்பதிவு திரட்டி ஒரு பெரிய பெட்டியை வெளியிட்டார்கள். ரசிகர்கள் கேட்டபடி 4:3 விகிதம் திரும்பி வந்தது. துகள் துடைப்பு மட்டும் போகவில்லை. 2020இலிருந்து எஃகு உறையில் வந்த 4:3 ப்ளூ-ரேகளும் அதே வழியில்தான் நிற்கின்றன. சட்டகம் முழுமை, கோடு மழுக்கம். பாதி வெற்றி என்று இதை ஏற்றுக்கொள்ளலாம். இன்று புதிதாக வாங்கப்போகிறவருக்கு இதையே நானும் சொல்ல வேண்டியிருக்கும்.

வண்ணத்தைப் பற்றி இவ்வளவு உறுதியாகப் பேச முடியாது. பிலிமில் சாயம் காலப்போக்கில் மங்கும், ஒரு நிறம் இன்னொன்றைவிட வேகமாகப் போகும். எது சரியான நிறம் என்று எதை வைத்துச் சொல்வது? சேகரிப்பாளர்களிடம் இருக்கும் செல் தாளை நேரில் பார்த்து அளவெடுக்கலாம் என்பார்கள். ஆனால் அந்தத் தாள் பிலிம் வழியாகப் பார்க்கப்படுவதற்காகப் பூசப்பட்டது. கையில் பிடித்துப் பார்ப்பதற்காக அல்ல. ஆரஞ்சுப் பெட்டியில் வண்ணத்தை ஏற்றியது மிகை என்பதில் சந்தேகமில்லை. கோகுவின் உடை கண்ணைக் குத்துகிறது. இருந்தாலும் நிறத்தைத் தொலைக்காட்சியின் அமைப்பிலேயே ஓரளவு தணித்துக்கொள்ளலாம். ஆகவே என் வரிசையில் இது பின்னால்தான் வருகிறது.

ஒலிக்கு அந்தச் சலுகையைத் தர முடியாது. 'டிராகன் பால் இசட்'டுக்கு ஒரே நேரத்தில் பல ஒலிகள் உண்டு. ஜப்பானிய மூலத்தில் ஷுன்சுகே கிகுச்சியின் இசை. கோகுவுக்கும் அவன் மகன்களுக்கும் மசாகோ நொசாவா என்ற ஒரே பெண்மணியின் குரல். அமெரிக்க ஒளிபரப்பில் கிகுச்சியை அகற்றிவிட்டுப் புதிய இசை போட்டார்கள். அதில் புரூஸ் ஃபால்கனர் பெயரில் வந்தது பரவலாக அறியப்பட்டது. கிகுச்சி மௌனமாக விட்ட இடத்திலெல்லாம் அது ஒலித்தது. 1990களின் இறுதியிலும் 2000களின் தொடக்கத்திலும் ஆங்கிலத்தில் பார்த்தவர்களுக்கு அந்தச் சிந்தசைசர் இசைதான் தொடரின் நினைவு. அந்த நினைவை நான் குறைவாக மதிக்கவில்லை. ஆரஞ்சுப் பெட்டிகளில் மூன்று தடங்களும் இருந்தன: ஜப்பானியம், ஆங்கிலக் குரலோடு ஜப்பானிய இசை, ஆங்கிலக் குரலோடு அமெரிக்க இசை. டிராகன் பாக்ஸில் அமெரிக்க இசை கிடையாது. இளமையில் கேட்டதைத் தேடுகிறவர் இதை அறிந்து வாங்க வேண்டும்.

ஜப்பானியத் தடத்திலும் ஒரு சோகம் இருக்கிறது. வட்டுகளில் இருப்பது பிலிமின் ஓரத்தில் ஒளிக்கீற்றாகப் பதிந்த ஒலியிலிருந்து எடுத்தது. 16 மி.மீ. பிலிமில் அந்தக் கீற்று குறுகலானது. உயர்ந்த ஒலிகள் அதில் மங்கிவிடும். தொடர் ஒளிபரப்பான நாட்களில் ஜப்பானிய வீடுகளில் நாடாவில் பதிவுசெய்து வைத்திருந்த ஒலி, அதிகாரபூர்வ வட்டின் ஒலியைவிடத் துலக்கமாக இருக்கிறது. நொசாவாவின் குரலில் மூச்சு கேட்கிறது, தட்டு வாத்தியத்தின் அதிர்வு கேட்கிறது. படத்தைக் காப்பதில் செலுத்திய அக்கறையில் ஒரு பங்காவது ஒலிக்கும் கிடைத்திருக்க வேண்டும்.

இவற்றுக்கெல்லாம் பக்கத்தில் இன்னொரு பாதை இருக்கிறது: 2009இல் தொடரின் 20ஆம் ஆண்டையொட்டி வந்த 'டிராகன் பால் காய்'. மூலத் தொடர் வாரந்தோறும் மங்காவைத் துரத்திப் பிடித்துவிட்டதால், கதையை நீட்டுவதற்காகச் சேர்த்த காட்சிகள் ஏராளம். 'காய்' அவற்றை வெட்டி, செல் என்ற வில்லனின் கதை முடியும் வரையிலான 194 அத்தியாயங்களை 98 ஆக்கியது. படத்தைப் புதிதாகச் சீர்செய்தார்கள், சேதமான சில காட்சிகளைக் கணினியில் மறுபடி வரைந்தார்கள், குரல்களையும் புதிதாகப் பதிந்தார்கள். ஒளிபரப்பில் 16:9 ஆக வெட்டப்பட்டாலும் அந்த 98 அத்தியாயங்களும் ப்ளூ-ரேயில் 4:3 ஆகவே வந்தன. அதற்கு கென்ஜி யமமோதோ போட்ட இசை, பிறர் இசையை எடுத்தாண்டதாக எழுந்த குற்றச்சாட்டால் 2011இல் அகற்றப்பட்டு, கிகுச்சியின் பழைய இசை வந்து சேர்ந்தது. கதை மட்டும் போதும், மங்காவின் வேகத்தில் வேண்டும் என்பவருக்கு 'காய்' நல்ல தேர்வு. ஆனால் நீட்டிய காட்சிகளில்தான் கோகுவும் அவன் தோழன் பிக்கோலோவும் காரோட்டக் கற்கும் அத்தியாயம்போன்ற சந்தோஷங்கள் இருக்கின்றன. அவற்றை இழக்க எனக்கு மனமில்லை.

இந்தத் தொடருக்குச் சொன்னது மற்றவற்றுக்கும் பொருந்துமா? 1992 முதல் 1997 வரை 200 அத்தியாயங்கள் ஓடிய 'செய்லர் மூன்' தொடர் 2014இலிருந்து அமெரிக்காவில் ப்ளூ-ரேயாக வந்தபோது, அது டிவிடி தரத்து மாஸ்டரைப் பெரிதாக்கியது என்பது பார்த்ததுமே தெரிந்தது. வட்டு ப்ளூ-ரே; படம் ப்ளூ-ரே இல்லை. 'நியான் ஜெனிசிஸ் எவாஞ்சலியன்' 2019இல் நெட்ஃபிளிக்ஸில் உலகெங்கும் வந்தபோது படம் நன்றாகவே இருந்தது. ஆனால் ஒவ்வொரு அத்தியாய முடிவிலும் வந்த 'ஃப்ளை மீ டு த மூன்' பாடலை ஜப்பானுக்கு வெளியே காணவில்லை. அமெரிக்காவில் 2021இல் வந்த ப்ளூ-ரேயிலும் இல்லை. பழைய டிவிடி வைத்திருப்பவரிடம் மட்டும் அந்தப் பாடல் இருக்கிறது.

இணையத்திலேயே பார்த்துக்கொள்ளலாமே என்பவர்கள் ஃபனிமேஷனுக்கு என்ன நடந்தது என்று பார்க்க வேண்டும். சோனி வாங்கிய அந்த நிறுவனம் 2022இல் கிரஞ்சிரோல் என்ற அனிமே இணையச் சேவையோடு இணைக்கப்பட்டது. 2024 ஏப்ரலில் ஃபனிமேஷன் சேவை மூடப்பட்டபோது, வட்டோடு கொடுத்த டிஜிட்டல் பிரதிகள் புதிய தளத்துக்கு மாற்றப்படவில்லை. வட்டு வைத்திருந்தவர்களிடம் வட்டு இருந்தது.

வாங்கும் முன் சில சோதனைகளைச் செய்துவிடலாம். பெட்டியின் பின்புறத்தில் 4:3 அல்லது 1.33 என்று இருக்கிறதா பாருங்கள். 1985க்கும் 1998க்கும் இடைப்பட்ட தொலைக்காட்சித் தொடருக்கு 16:9 அல்லது 1.78 என்று போட்டிருந்தால் பெரும்பாலும் படத்தை வெட்டியிருக்கிறார்கள் என்று அர்த்தம். ஒரே காட்சியின் அசையாப் படங்களை இரண்டு பதிப்புகளிலிருந்தும் வைத்து ஒப்பிடும்போது முகத்தைப் பார்க்காதீர்கள், முகத்துக்குப் பின்னால் இருக்கும் பாறையைப் பாருங்கள். தூரிகைத் தடம் இருந்தால் மற்றவையும் இருக்கும். இருளான காட்சியைத் தேர்ந்தெடுங்கள். துடைப்பின் சேதம் அங்கேதான் முதலில் வெளிப்படும். மாதிரிப் படத்தில் துகள் தெரிந்தால் பயப்பட வேண்டாம்.

மண்டலக் குறியீட்டையும் பார்த்துக்கொள்ள வேண்டும். இந்தியாவும் இலங்கையும் டிவிடியில் 5ஆம் மண்டலம், ப்ளூ-ரேயில் சி மண்டலம். அமெரிக்க டிவிடி 1ஆம் மண்டலம், ப்ளூ-ரே ஏ. சிங்கப்பூர், மலேசியா, கனடாவில் இருப்பவர்களுக்கு ப்ளூ-ரே மண்டலம் அமெரிக்காவினுடையதே, ஆகவே அங்கே சிக்கல் குறைவு. சென்னையிலோ யாழ்ப்பாணத்திலோ இருப்பவர் எல்லா மண்டலமும் ஓடும் கருவி தன்னிடம் இருக்கிறதா என்று முதலில் உறுதிசெய்துகொள்ள வேண்டும். இல்லாவிட்டால் அரிய பெட்டி அலமாரியிலேயே தங்கிவிடும். வட்டு ஓடத் தொடங்கியதும் தொலைக்காட்சியின் இரைச்சல் நீக்கம், அசைவை வழவழப்பாக்கும் வசதி இரண்டையும் அணைத்துவிடுங்கள். திரை அளவை மூல விகிதத்துக்கு மாற்றுங்கள். நிறுவனம் செய்யாமல் விட்ட கெடுதலைப் பல தொலைக்காட்சிகள் தாமாகவே செய்துவிடுகின்றன.

பணமும் பொறுமையும் இருப்பவருக்கு என் விடை: முதல் 34 அத்தியாயங்களுக்கு 'லெவல்' ப்ளூ-ரே, மீதி 257க்கு டிராகன் பாக்ஸ் டிவிடி. இரண்டும் கைமாற்றில்தான் கிடைக்கும். வட்டில் கீறல் இருக்கிறதா என்று படம் அனுப்பச் சொல்லிக் கேட்டு வாங்குங்கள். அந்த அளவுக்குச் செலவிட முடியாதவருக்கு 2020இலிருந்து வந்த 4:3 ப்ளூ-ரே. கோடு மழுங்கியிருக்கும், ஆனால் கோகுவின் முடி திரைக்குள்ளேயே இருக்கும். சுருக்கமாக வேண்டுவோருக்கு 'காய்' தொடரின் முதல் 98 அத்தியாயங்கள். புவு என்ற வில்லன் வரும் அதன் பிற்பகுதி 16:9 ஆகவே வந்திருப்பதால், அந்தக் கதைக்கு மட்டும் மூலத் தொடரின் 195ஆம் அத்தியாயத்திலிருந்து தொடங்கலாம். அமெரிக்க இசையைத் தேடுபவர் ஆரஞ்சுப் பெட்டியை வாங்கிக்கொள்ளலாம். மலிவு விலையில் ஏராளமாகக் கிடைக்கிறது. 2013–14 ப்ளூ-ரேயை எந்த விலைக்கும் நான் பரிந்துரைக்க மாட்டேன்.